வீட்டின் விலையும் கடனின் விலையும்

வீட்டைக் கட்டிப்பார், கலியாணத்தைச் செய்துபார் என்று நம் முன்னோர் சொல்லிவைத்தனர். இவ்விரண்டையும் செய்து பார்த்தவர்களுள் நாமும் ஒருவர். கலியாணத்தின் செலவு என்னவென்று மூன்று மாதங்களில் எமக்குத் தெரிந்துவிட்டது. வீட்டின் செலவு என்னவென்று அறிய ஐந்து ஆண்டுகள் சென்றன. இந்துக் கல்லூரி ஒன்றில் கணிதம் கற்பிப்பதே எமது தொழில். கூட்டு வட்டியையும் பெருக்கல் விருத்தியையும் ஆண்டுதோறும் கரும்பலகையில் எழுதி அழிக்கும் கை, தன் வீட்டுக் கணக்கை மட்டும் ஐந்து ஆண்டுகளாக எழுதிப் பார்க்கவில்லை. வெட்கத்துக்குரிய இச்செய்தியை இன்று வாசகர்முன் வைப்பதற்குக் காரணம் உண்டு. அதனை இறுதியிற் கூறுவோம்.

1990ஆம் ஆண்டு வலிகாமம் வடக்கிலிருந்து எமது குடும்பம் இடம்பெயர்ந்தபோது எமக்கு வயது பதினொன்று. அன்றுமுதல் வாடகை வீடுகளிலேயே வளர்ந்தோம், படித்தோம், பட்டம் பெற்றோம், மணமும் செய்துகொண்டோம். வீட்டுக்காரர் வரும் ஓசை கேட்டால் அம்மா அடுப்பைத் தணித்துவிட்டு எழுந்து நிற்பார். அந்தக் காட்சி எம் நெஞ்சை விட்டு அகலவில்லை. பிறர் வந்து எழுப்பாத ஒரு திண்ணை வேண்டும் என்ற ஆசை எம்முள் ஒரு நோயாகவே இருந்தது. நோயாளி மருந்தின் விலையைப் பேரம் பேசுவதில்லை அன்றோ?

எமது இல்லாளுக்குச் சீதனமாக வந்த இரண்டு பரப்புக் காணி இருந்தது. சேமிப்பைக்கொண்டு அத்திவாரம் இட்டோம். மிகுதிக்கு 2017ஆம் ஆண்டு ஆவணி மாதம் வங்கி ஒன்றில் 20 இலட்சம் ரூபா கடன் பெற்றோம். வட்டி நூற்றுக்கு 12 வீதம். காலம் 20 ஆண்டுகள். மாதத் தவணை 22,022 ரூபா. முதல் ஐந்து ஆண்டுகளுக்கு வட்டி மாறாது, பின்னர் சந்தை நிலைக்கேற்ப மாறும் என்றொரு வாசகமும் ஈட்டு முறியில் இருந்தது. அதனை வாசித்தோம், ஆனால் அதன் பொருளை எண்ணிப் பார்த்தோமல்லோம். இருவர் சம்பளத்தில் 22,022 ரூபாவைக் கட்டலாமா என்பது ஒன்றே அன்று எமது கணக்கு. கட்டலாம் என்று தோன்றியது, கையொப்பம் இட்டோம். கையொப்பம் இருவருடையது. ஈட்டுக்குப் போன நிலமோ அவருடையது.

அன்று மாலை ஐயாவிடம் செய்தியைச் சொன்னோம். சாய்மனைக் கதிரையில் இருந்தபடி கேட்டுக்கொண்டிருந்தவர், "தம்பி, மாதம் எவ்வளவு எண்டு சொல்லிப்போட்டாய். முழுக்க எவ்வளவு எண்டு சொல்லேல்லையே?" என்றார்.

"இப்ப எல்லாரும் இப்பிடித்தான் ஐயா கட்டீனம்" என்று மறுமொழி சொல்லிவிட்டு எழுந்துவிட்டோம். அது கேட்ட வினாவுக்கு விடையன்று. வகுப்பில் ஒரு மாணவன் அவ்வாறு விடை எழுதியிருந்தால் சுழியம் போட்டிருப்போம்.

ஐயா அவ்வாறு கேட்டதற்கு ஒரு பழைய கதை காரணம். 1970ஆம் ஆண்டு எமது அத்தையின் கலியாணத்துக்காகப் பாட்டனார் நான்கு பரப்புச் செம்மண் தோட்டத்தை ஒற்றி வைத்தார். ஒற்றி என்பது யாழ்ப்பாணத்தார் நன்கு அறிந்த முறை. ஒல்லாந்தர் ஆட்சியில் 1707ஆம் ஆண்டு சட்டமாக்கப்பட்ட தேசவழமையிலும் அது இடம்பெற்றுள்ளது. கடன் கொடுத்தவர் வட்டி வாங்குவதில்லை. வட்டிக்குப் பதிலாக நிலத்தின் விளைவை அனுபவிப்பார். கடன்பட்டவர் என்று முதலைத் திருப்பிக் கொடுக்கிறாரோ அன்று நிலம் திரும்பும். வாங்கியதும் ஆயிரம், கொடுப்பதும் ஆயிரம். ஆகவே செலவில்லாக் கடன் போலத் தோன்றும். ஆனால் அடுத்த ஏழாண்டுகளும் எத்தகைய ஆண்டுகள்? 1970 முதல் 1977 வரை அரசாங்கம் இறக்குமதியைக் கட்டுப்படுத்தியமையால் எமது பகுதி வெங்காயத்துக்கும் மிளகாய்க்கும் என்றுமில்லாத விலை கிடைத்தது. அயலார் கல்வீடு கட்டினர். உழவு இயந்திரம் வாங்கினர். பாட்டனாரின் தோட்டத்திலும் வெங்காயம் விளைந்தது. பணமோ ஒற்றி வாங்கியவர் பெட்டிக்குப் போயிற்று. 1978இல் முதலைக் கொடுத்து நிலத்தை மீட்டபோது, "வட்டி கட்டேல்லை, ஏழு வருச வெங்காயம் கட்டினன்" என்று பாட்டனார் சொன்னாராம். கடனுக்கு வெளியில் தெரியும் விலை ஒன்று, உள்ளே மறைந்திருக்கும் விலை ஒன்று என்பதை அக்குடும்பம் அன்றே கற்றிருந்தது. படித்த நாமே மறந்தோம்.

ஐயா 2019இல் காலமானார். அவருடைய வினா மட்டும் விடையின்றிக் காத்திருந்தது.

2022ஆம் ஆண்டு பிறந்தது. அவ்வாண்டின் துன்பத்தை நாம் விரித்துரைக்க வேண்டியதில்லை. எரிபொருள் வரிசையில் நின்றவர்கள் அனைவரும் அறிவர். சித்திரை மாதம் நாடு தன் வெளிநாட்டுக் கடன்களைத் திருப்பிச் செலுத்துவதை நிறுத்தியது. அதே மாதம் மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. நாட்டின் கடனும் எமது கடனும் வெவ்வேறு என்றே அதுவரை எண்ணியிருந்தோம். ஆவணி மாதம் வங்கியிலிருந்து ஒரு கடிதம் வந்தது. ஐந்து ஆண்டுகள் முடிந்தன. இனி வட்டி நூற்றுக்கு 20 வீதம். புதிய தவணை 32,226 ரூபா.

அன்றிரவு மின்வெட்டு. அரிக்கன் இலாம்பின் ஒளியில், பரீட்சைத் தாள்களின் பின்புறத்தில், ஐயா கேட்ட கணக்கை முதன்முதலாகச் செய்து பார்த்தோம்.

மாதம் 22,022 ரூபா வீதம் 240 மாதங்கள். மொத்தம் 52 இலட்சத்து 85 ஆயிரம் ரூபா. வாங்கியது 20 இலட்சம். வட்டி மட்டும் 32 இலட்சத்து 85 ஆயிரம். வட்டி ஏறாதிருந்தாலும் இதுவே கணக்கு! ஒரு வீட்டைக் கட்டுவதற்கு இரண்டரை வீட்டின் விலையைக் கொடுக்க ஒப்புக்கொண்டிருக்கிறோம்.

இதனிலும் எம்மைத் திடுக்கிட வைத்தது வேறொன்று. முதல் மாதம் கட்டிய 22,022 ரூபாவில் 20,000 ரூபா வட்டிக்குப் போயிற்று. முதலில் கழிந்தது 2,022 ரூபாவே. முதலாண்டு முழுவதும் 2,64,000 ரூபாவுக்கு மேல் கட்டினோம்; முதல் குறைந்தது 25,640 ரூபா. ஐந்து ஆண்டுகளில் 13 இலட்சத்துக்கு மேல் கட்டியும் 18 இலட்சத்து 35 ஆயிரம் நிலுவையில் நின்றது. இதில் வஞ்சகம் ஏதுமில்லை. நிலுவையிலுள்ள தொகைக்கு மாதந்தோறும் வட்டி. அது போக எஞ்சியதே முதலுக்கு. தொடக்கத்தில் நிலுவை பெரிது. ஆதலால் வட்டி பெரிது. ஏழு வீதமும் எட்டு வீதமும் வட்டியுள்ள நாடுகளில் இச்சரிவு இவ்வளவு செங்குத்தாய் இராது. பன்னிரண்டு வீத வட்டியில் இருபதாண்டுக் கடனுக்கு முதலின் பாதி தீர்வது பதினைந்தாம் ஆண்டின் இறுதியிலேதான். பத்தாண்டு கட்டிவிட்டோம், பாதிக் கடன் தீர்ந்தது என்று எண்ணுபவர், உண்மையில் நாலில் ஒரு பங்கைக்கூடத் தீர்க்கவில்லை.

மறுநாள் வங்கிக்குச் சென்று, தவணையைக் கூட்டாமல் காலத்தை நீட்டித் தருமாறு கேட்டோம். அங்கிருந்த உத்தியோகத்தர் நல்லவர். எமது பழைய மாணவரின் தமையனார். கணக்கைப் பார்த்துவிட்டுத் தயக்கத்துடன், "சேர், உங்கடை பழைய தவணை வட்டிக்கே காணாது" என்றார். உண்மைதான். 18 இலட்சத்து 35 ஆயிரத்துக்கு 20 வீதம் என்றால் மாத வட்டியே 30,581 ரூபா. அப்படியிருக்க 22,022 ரூபாவை நூறாண்டு கட்டினாலும் கடன் வளருமேயன்றித் தேயாது. கணித ஆசிரியருக்கு இதனைப் பிறர் சொல்ல வேண்டியிருந்தது.

வீடு திரும்பி இல்லாளிடம் கூறினோம். அவர் சிறிது நேரம் ஒன்றும் பேசவில்லை. பின்னர் உள்ளே சென்று, மகளுக்கென்று வைத்திருந்த தம் காப்புகளைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். நான்கு பவுணுக்குச் சற்று மேல். "இஞ்சாருங்கோ, காப்பை எப்பவும் செய்யலாம். காணி போனால் அம்மா தந்த காணி திரும்ப வராது" என்றார். பவுண் விலை ஏறியிருந்த காலம். 6 இலட்சம் ரூபா கிடைத்தது. முழுவதையும் முதலில் கட்டினோம். நிலுவை 12 இலட்சத்து 35 ஆயிரமாகக் குறைந்தது. புதிய தவணை 21,688 ரூபா. பழைய தவணையிலும் 334 ரூபா குறைவு. இன்று அதே காப்புகளைத் திரும்பச் செய்ய அந்த 6 இலட்சம் போதாது. எமது வீட்டின் விலையில் இதுவும் சேர்ந்தது. ஆனால் எந்த வங்கிக் கூற்றிலும் இது எழுதப்படவில்லை.

அடுத்த இரண்டு ஆண்டுகளிலும் 5 இலட்சத்து 20 ஆயிரம் ரூபா கட்டினோம். முதல் குறைந்தது 32 ஆயிரம் மட்டுமே. 2023 ஆனி முதல் மத்திய வங்கி வட்டியைக் குறைக்கத் தொடங்கியது. வட்டியை ஏற்றும்போது கடிதம் தானாக வந்தது, இறக்கும்போது வரவில்லை. நாமே எழுதிக் கேட்டோம். ஒருமுறை அன்று, மும்முறை. 2024 ஆவணியில் 13 வீதமாகக் குறைத்தனர். தவணை 16,009 ரூபாவாக இறங்கியது. அன்று இல்லாள் கூறிய யோசனையே எம்மைக் காத்தது: "பழைய தவணையையே கட்டுவம். கட்டிப் பழகின காசுதானே." 21,688 ரூபாவையே தொடர்ந்து கட்டிவருகிறோம். வட்டி மீண்டும் ஏறாதாயின், பதின்மூன்று ஆண்டுகளில் முடிய வேண்டிய கடன் ஏழாண்டுகளுக்குச் சற்று மேலான காலத்தில் முடியும். முழுக்க எவ்வளவு என்று ஐயா கேட்டதற்கு இப்போது விடை சொல்லலாம்: காப்பு விற்ற பணமும் உட்பட ஏறக்குறைய 43 இலட்சம்.

இவற்றையெல்லாம் கூறுவதால் கடன்பட்டு வீடு கட்டுதல் தவறு என்பது எமது கருத்தன்று. 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி பணவீக்கம் 69.8 வீதமாயிற்று. சீமெந்தும் கம்பியும் விற்ற விலைக்கு, அதுவரை காத்திருந்தால் எமது வீட்டில் ஓர் அறையையும் எழுப்பியிருக்க இயலாது. வாடகையும் இக்காலமெல்லாம் போய்க்கொண்டே இருந்திருக்கும். அம்மா இன்று எழுந்து நிற்பதில்லை. திண்ணையில் இருந்து வெற்றிலை இடிக்கிறார். அதற்கும் ஒரு விலை உண்டு. விலையை அறிந்து கொடுப்பது வேறு, அறியாது கொடுப்பது வேறு.

இனி, தொடக்கத்திற் கூறிய காரணத்துக்கு வருவோம். சென்ற மாதம் எமது கல்லூரியின் இளம் ஆசிரியர் ஒருவர், வீட்டுக் கடனுக்குப் பிணை நிற்குமாறு கேட்டு வந்தார். "மாதத் தவணையைப் பார்த்திட்டன் சேர், சமாளிக்கலாம்" என்றார். எமது குரலையே திரும்பக் கேட்டதுபோல் இருந்தது. கையொப்பம் இடுமுன் அவரை இருத்தி, ஒரு தாளைக் கொடுத்தோம். மொத்தம் எவ்வளவு, வட்டி எத்தனை ஆண்டுகளுக்கு மாறாது, அதன்பின் எட்டு வீதம் ஏறினால் தவணை என்னவாகும், இடையில் முதலைக் கட்டினால் தண்டப்பணம் உண்டா, மதிப்பீட்டாளர், சட்டத்தரணி, பதிவு, காப்புறுதி ஆகியவற்றின் செலவு யாது என்று ஐந்து வினாக்கள் எழுதச் செய்தோம். எமது பழைய கடனையே உதாரணமாக வைத்து இன்னொன்றும் காட்டினோம். 20 இலட்சத்தை 20 ஆண்டுக்குப் பதிலாக 15 ஆண்டில் தீர்த்தால் 12 வீத வட்டியில் தவணை 24,003 ரூபா. மாதம் 2,000 ரூபாவுக்கும் குறைந்த வேறுபாடு. முழுக் கணக்கில் 9 இலட்சத்து 64 ஆயிரம் மிச்சம்.

அவர் தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போனார். ஒரு வாரம் கழித்து, பதினைந்து ஆண்டுக்கு மாற்றிய விண்ணப்பத்துடனும் ஐந்து வினாக்களுக்குரிய விடைகளுடனும் வந்தார். "மனிசியோடையும் இருந்து கணக்குப் பார்த்தனான் சேர். காணி அவவின்ரை எல்லோ" என்றார்.

பிணைக்குக் கையொப்பம் இட்டோம்.