பாவமா? கிருமியா?

திரையுலகில் நாயகர் பலர். கருத்தைத் தோளில் சுமந்த குணச்சித்திர நடிகர் சிலர். அச்சிலரில் எம். ஆர். இராதாவையே நான் முதல்வராகப் போற்றுகிறேன். மேடையில் முழங்கிய ‘இரத்தக் கண்ணீர்’ 1954இல் திரைக்கு வந்தது. தொழுநோயுற்ற மோகனாக அவர் வீசிய ஏளனம் மூடத்தனத்தின் முகத்திரையைக் கிழித்தது.

வாலிகண்டபுரத்து வீட்டில் தொலைக்காட்சியில் அதைக் கண்ட என் பாட்டி, “பாவத்தின் பலன்!” என்றார். அந்நோயுற்ற முதியவர் ஒருவருக்கு எங்கள் தெரு திண்ணையைக்கூட மறுத்ததும் அச்சொல்லால்தானே!

பாவமா காரணம்? கிருமியே காரணமென 1873இல் நார்வே மருத்துவர் ஹான்சன் கண்டார். இன்று கூட்டு மருந்து அந்நோயைக் குணமாக்குகிறது. கதையோ நோயைத் தண்டனையாக்கிற்று.

தோழர்களே! எதையும் கேள்வி கேட்கக் கற்பித்தது இராதாவின் குரல். அவர் நடித்த கதையையும் அக்கேள்விக்கு உட்படுத்துவோம். அதுவே அக்கலைஞனுக்குச் சிறப்பு!