போகியில் போன சாவி

பழையன கழிக்கிறேன் பேர்வழி என்று போகியன்று நான் செய்த வேலையைச் சொன்னால் சிரிப்பீர்கள். அப்பா சிரிக்கவில்லை.

அப்பாவுக்கு டைப்பிங், ஜெராக்ஸ் கடை. அங்கே ஓடுவது ஆபீஸ் 2007. கடன் வாங்கி, காசு கொடுத்து வாங்கியது. அதன் 25 எழுத்துச் சாவி ஒட்டியிருந்த சி.டி. உறையைத்தான் குப்பையோடு கொளுத்திவிட்டேன். மறுமாதமே ஹார்டு டிஸ்க் கடகடவென்று சத்தம் போட ஆரம்பித்தது. புது டிஸ்க் மாட்டி எல்லாவற்றையும் மறுபடி ஏற்ற வேண்டும். சி.டி. இருக்கிறது, சாவி இல்லை.

"கிராக் போட்டுக்கலாம்ப்பா" என்றேன்.

"காசு குடுத்து வாங்கின பொருளுக்கு எதுக்குடா திருட்டுச் சாவி?" என்றார். தலை குனிந்தேன்.

சீனியர் அண்ணன் ஒருவர்தான் வழி சொன்னார். "பழைய டிஸ்க்கை ஃபார்மட் பண்ணிடாதே. சாவி ரிஜிஸ்ட்ரியில வேற உருவத்துல ஒளிஞ்சிருக்கும்." புரொடுகீ என்ற சின்ன இலவச மென்பொருளை ஓட்டினேன். ஐந்தைந்தாக 25 எழுத்தும் திரையில்! ஆபீஸ் 2013 முதல் சாவியின் கடைசி 5 எழுத்துதான் கணினியில் தங்கும். பழசாக இருந்ததால் பிழைத்தேன். அவசரத்தில் 'பி'யை 8 என்று எழுதிக்கொண்டு போய் முழித்தது தனிக்கதை.

இப்போது அந்தச் சாவி கடைக் கணக்கு நோட்டின் முதல் பக்கத்தில், பிள்ளையார் சுழிக்குக் கீழே, அப்பாவின் கையெழுத்தில் இருக்கிறது. நண்பர்களே, எதையும் கொளுத்துமுன் ஒருமுறை திருப்பிப் பாருங்கள்!