முத்திரை குத்தும் கை

பதிவுத் தபால் 2025 செப்டம்பர் முதல் தேதியோடு விரைவுத் தபாலில் ஐக்கியமாகிவிட்டது என்ற செய்தியைப் படித்த நாள்முதல், கட்டணம் முன்கூட்டியே செலுத்தப்பட்டதற்குச் சாக்ஷியான தபால்தலைமேல் விழும் கறுப்பு வட்டத்தைக் கையால் குத்துகிறவர்களை அவ்வழக்கமும் மறைந்துபோகுமுன் நேரில் கண்டுவிட வேண்டும் என்ற ஆவல் என்னை விடவில்லை. அஞ்சல் துறையில் பணியாற்றிய நண்பர் ஒருவர், சோழநாட்டு ஊரொன்றின் தலைமை அஞ்சலகத்தில் வெகுகாலமாக அந்த வேலையைச் செய்துவரும் பெரியவரிடம் என்னை ஒப்புவித்தார்.

ஊர்வாரியாகப் பிரிப்பதிலும் பைகள் கட்டுவதிலும் என் மனம் செல்லவில்லை. பெரியவரின் கைமுத்திரையே என்னை ஆட்கொண்டது. மரப்பிடி, உலோக முகம், அதன் நடுவே தினமும் மாற்றவேண்டிய சின்னஞ்சிறு தேதியெழுத்துகள். காலையில் நேற்றைய தேதியைக் கழற்றி இன்றையதைப் பொருத்தியதும், முதற்குத்து கடிதத்தில் அல்ல, அதற்கென்றுள்ள பதிவேட்டில் விழுகிறது. "இந்த நோட்டுல தேதி சுத்தமா விழுந்த பெறகுதான் சார், கடுதாசியத் தொடணும்" என்றார். பிறகு தபால்தலைகள் ஒரே மூலையில் வருமாறு உறைகளை அடுக்கி, ரப்பர்ப் பலகைமேல் வைத்து, மைத்தட்டிலும் உறையிலுமாக மாறி மாறிக் குத்தத் தொடங்கினார். இருவர் உலக்கை மாற்றி நெல் குத்தும்போது எழுமே, அந்த லயம்.

இந்தக் கறுப்பு மைக்கும் ஒரு சரித்திரம் உண்டு. 1840இல் ரோலண்டு ஹில்லின் சீர்திருத்தத்தால் பிரிட்டனில் பிறந்த முதல் தபால்தலை கறுப்பாகவும், அதை ரத்து செய்த முத்திரை சிவப்பாகவும் இருந்தன. சிவப்பைக் கழுவித் தலையை மீண்டும் ஒட்டுவோர் கிளம்பிவிடுவர் என்ற அச்சத்தால், 1841இல் தலையைச் செம்பழுப்பாக்கி முத்திரையைக் கறுப்பாக்கினார்கள். நம் நாட்டில் 1852இல் சிந்துவிலும் 1854இல் தேசமெங்கும் தலைகள் வந்தபோதும், தலையைச் செல்லாததாக்கும் அந்தக் குத்து கூடவே வந்தது. பெரிய அலுவலகங்களின் பிராங்கிங் இயந்திரம் தொகையையும் தேதியையும் தானே பதித்துவிடுவதால் அந்த உறைகளுக்குப் பெரியவரின் கை தேவையில்லை. தலை குறைவாக ஒட்டிய கடிதமோ, குறைந்த தொகையின் இருமடங்கைப் பெறுபவரிடம் வசூலிக்கும் 'பேரிங்' குறியோடு தனியே ஒதுங்குகிறது.

கிராமக் கிளையில் தற்காலிக ஊழியராகச் சேர்ந்து இங்கே வந்தவர் பெரியவர். சேர்ந்த புதிதில், கெடுவுக்குள் தபாலில் சேர்த்தும், முத்திரைத் தேதி மங்கியதால் விண்ணப்பம் தள்ளுபடியான இளைஞன் ஒருவன் உறையோடு வந்து நின்றானாம். "அன்னிலேருந்து ரெண்டு தடவ பாக்காம ஒரு கடுதாசியும் கைய விட்டுப் போனதில்ல, சார்" என்றபோது, காய்ப்பேறிய வலது உள்ளங்கையைத் தடவிக்கொண்டார்.

தேதியும் ஊரும் தெளிவாக விழுந்த பழைய உறைக்குச் சேகரிப்போர் கூடுதல் விலை தருகிறார்கள். அத்தெளிவை உண்டாக்கிய கைக்கு அதில் தம்படியும் வருவதில்லை, எடைக்கு வாங்கி ஒவ்வொன்றாக விற்கும் தரகர் அனைத்தையும் கொண்டுபோகிறார். அது அநியாயம் என்று நான் கொதித்தேன். பெரியவருக்கு அதில் கோபமில்லை. தேய்ந்த எழுத்துகளுக்குப் பதில் புதியவையும், நீர்த்துப்போகாத மையும் வேளைக்கு வந்தால் போதும் என்றார். அந்தக் கோரிக்கை மேலிடத்துக்குப் பலமுறை எழுதப்பட்டதாம். நான் பார்த்த அன்றும் அவர் குத்திய வட்டங்களில் ஆண்டின் கடைசி எண்ணைப் படிக்கச் சிரமமாகவே இருந்தது.