வேகம் மாறவில்லை, விசை எப்படி வந்தது?

ப்ளஸ் ஒன் இயற்பியலில் வாயுக்களின் இயக்கவியற் கொள்கை என்று ஒரு பாடம் இருக்கிறது. மூலக்கூறு சுவரில் மோதும், திரும்பும், உந்த மாற்றம் இரண்டு மடங்கு, அதிலிருந்து அழுத்தம். பத்து வரி எழுதினால் மார்க் வந்துவிடும். களமருதூர் பக்கத்துப் பசங்க நாங்கள் அதை அப்படித்தான் படித்தோம்.

ஆனால் வகுப்பில் ஒரு தோழி கேட்டாள்: "வினாடிக்கு 500 மீட்டர் வேகத்துல வருது, அதே 500ல திரும்பிப் போகுது. வேகம் மாறவே இல்லையே, அப்புறம் முடுக்கம் ஏது? விசை ஏது?"

"இதெல்லாம் பரீட்சைக்கு வராது, உட்காரு" என்று பதில் வந்தது. அதற்குப் பிறகு அவள் இயற்பியல் வகுப்பில் கை தூக்கவே இல்லை. என்னைக் கேட்டால் அந்தப் பாடத்திலேயே உருப்படியான கேள்வி அதுதான்.

சரி, கணக்குக்கு வருவோம். முடுக்கம் என்பது திசைவேகம் மாறும் வீதம். முன்னால் 500, பின்னால் 500, ஆனால் திசை எதிர். ஆக மாற்றம் 1000. சுவரைத் தொட்டிருக்கும் நேரத்தைச் சுமாராக ஒரு வினாடியில் லட்சம் கோடியில் ஒரு பங்கு என்று வைத்துக்கொண்டால், முடுக்கம் புவியீர்ப்பு முடுக்கத்தைப் போல நூறு லட்சம் கோடி மடங்கு! வருகிற வழியிலும் போகிற வழியிலும் முடுக்கம் இல்லை. எல்லாம் அந்தத் தொடுகையில்தான்.

அப்படியானால் விடைத்தாளில் ஏன் அந்தக் குட்டி நேரத்தால் வகுப்பதில்லை? 5 மீட்டர் அறையில், நடுவே எதிலும் முட்டாமல் போனால், அதே மூலக்கூறு அதே சுவருக்குத் திரும்பி வர ஐம்பதில் ஒரு வினாடி ஆகும். நாம் வகுப்பது அந்த நேரத்தால். நமக்கு வேண்டியது ஒரு அடியின் உச்ச விசை இல்லை, சராசரி விசை. கட்டைவிரல் நகம் அளவு இடத்தில் வினாடிக்கு விழும் அடிகள், 3 போட்டுப் பின்னால் 23 சுழி போடுங்கள், ஏறக்குறைய அவ்வளவு. தகரக் கொட்டகை மேல் அடைமழை மாதிரி தனித்தனி அடி தெரியாது. மொத்தமாக ஒரு கிலோ எடை தெரியும்.

வாயு அழுத்தம் துகள்களின் மோதலால் வருகிறது என்று டேனியல் பெர்னூலி 1738-லேயே எழுதினார். நூறு வருஷத்துக்கும் மேல் அதைப் பெரும்பாலானோர் கண்டுகொள்ளவில்லை. 1857-ல் கிளாசியஸ், 1860-ல் மாக்ஸ்வெல் எழுதிய பிறகுதான் நிலைத்தது. நல்ல யோசனைகளை உட்கார வைப்பது நம்ம ஊர்ப் பழக்கம் மட்டும் இல்லை போலும் :-)

நம்பிக்கை வராதவர்கள் கள்ளக்குறிச்சியில் ஒரு சிப்ஸ் பாக்கெட் வாங்கிக்கொண்டு கல்வராயன் மலைக்கு பஸ் ஏறுங்கள், பிரிக்காமல். 1000 மீட்டர் ஏறினால் காற்றழுத்தம் சுமார் 11 சதவீதம் குறையும். வெளியே மூலக்கூறுகள் குறைவு, அடியும் குறைவு. உள்ளே அடைபட்டவை மட்டும் கீழே அடித்த மாதிரியே அடித்துக்கொண்டிருக்கும். வெள்ளிமலையில் இறங்கும்போது பாக்கெட் தலையணை மாதிரி உப்பியிருக்கும்.