என் பெயருக்குப் பொருள் வெளிச்சம்

ச. ஸ்வெத்லானா
பத்தாம் வகுப்பு, 'ஆ' பிரிவு

பெயரைக் கேட்டே ஊரைச் சொல்லிவிடலாம் என்பது எங்கள் காஞ்சிபுரத்துக்கு நன்றாகப் பொருந்தும். காமாட்சி, வரதன், ஏகாம்பரம், குமரன் என்று கோயில் தெய்வங்களின் பெயர்களே தெருவெங்கும் நடமாடும். நம் பள்ளியின் வருகைப் பதிவேட்டில் இவற்றோடு லூர்து மேரி, ஆரோக்கிய மேரி, பாத்திமா முதலிய பெயர்களும் சேர்ந்துகொள்கின்றன. இவற்றுக்கு இடையே என் பெயர் வரும் இடத்தில் மட்டும், புதிதாக வரும் ஆசிரியை எவரும் சற்று நிறுத்தி, கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, பிறகுதான் வாய் திறப்பார்கள்.

என் பெயர் ஸ்வெத்லானா. அதை ஒரே தடவையில் சரியாகச் சொன்னவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். பிள்ளையார்பாளையத்தில் எங்கள் தெருவில் நான் 'சுவேதா'. வகுப்புத் தோழியருக்குச் சித்திரை வெயிலிலும் நான் 'ஸ்வெட்டர்'. எங்கள் பாட்டிக்கோ நான் 'செவத்தா'. நான் ஒன்றும் சிவப்பு இல்லை என்பது வேறு விஷயம். ஓர் அலுவலகத்திலிருந்து வந்த அட்டையில் 'ஸ்வீட் லானா' என்று அச்சிட்டிருந்தார்கள். அன்று வீட்டில் எல்லோரும் என்னிடம் மிட்டாய் கேட்டார்கள். தமிழ் இலக்கணமும் என் பக்கம் இல்லை. மெய்யெழுத்து சொல்லுக்கு முதலில் வராது என்று தமிழம்மா பாடம் நடத்தியபோது, வகுப்பே திரும்பி என்னைப் பார்த்தது.

இவையெல்லாம் சிரித்துவிட்டுப் போகக்கூடியவைதாம். ஆனால் இந்த ஆண்டு அப்படிச் சிரித்துவிட்டுப் போக முடியவில்லை. பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றிதழில் எந்தப் பெயர் அச்சாகிறதோ, அதுவே கல்லூரிக்கும் வேலைக்கும் கடவுச்சீட்டுக்கும் தொடர்ந்து வரும். பிறகு மாற்றுவது பெரும்பாடு. ஆகவே, பொதுத்தேர்வுக்கான பெயர்ப் பட்டியல் தயாராகும் முன்பே பெரியப்பா ஒரு யோசனை சொன்னார்.

"ஸ்வேதான்னு மாத்திடலாம். நாளைக்கு பேங்க்குக்குப் போனாலும் சரி, கல்யாணப் பத்திரிகை அடிச்சாலும் சரி, பொண்ணு எல்லா இடத்துலயும் நின்னு விளக்கம் சொல்லிக்கிட்டே இருக்கணுமா?"

அரசிதழில் பெயர் மாற்றம் வெளியிடும் வழியையும் அவர் விசாரித்து வந்திருந்தார். என்மேல் உள்ள அக்கறையால்தான் அவர் அப்படிச் சொன்னார் என்பது எனக்குத் தெரியும். அப்பா தறியிலிருந்து தலை நிமிராமலேயே, "பேரு அவளோடது. அவளே சொல்லட்டும்" என்றார்.

முடிவு என் கைக்கு வந்துவிட்டது. ஒரு பொருளை வைத்துக்கொள்வதானாலும் விட்டுவிடுவதானாலும், அது இன்னதென்று தெரிந்துகொண்டுதானே செய்ய வேண்டும்? காலாண்டு விடுமுறை முழுவதும் எனக்கு இதே வேலையாக இருந்தது.

முதலில் தாத்தாவிடம் கேட்டேன். பெயர் வைத்தவர் அவர்தான். ஐம்பது ஆண்டுகள் தறியில் உட்கார்ந்தவர். இப்போது கண்பார்வை மங்கிவிட்டது. சரிகையின் மினுக்கு தெரிகிறது, பூ தெரியவில்லை என்பார். அவர் இளைஞராக இருந்தபோது, 'சோவியத் நாடு' என்ற தமிழ் இதழை விடாமல் படிப்பாராம். வழவழப்பான அந்தத் தாள்களைப் பாட்டி பள்ளிப் புத்தகங்களுக்கு அட்டை போட எடுத்துக்கொள்வார்களாம்.

1984-ஆம் ஆண்டு ஏப்ரலில் நம் நாட்டின் ராகேஷ் சர்மா சோவியத் விண்கலத்தில் ஏறி, சல்யூத்-7 என்ற விண்வெளி நிலையத்துக்குச் சென்றார். அதே நிலையத்துக்கு அவ்வாண்டு ஜூலையில் ஸ்வெத்லானா சவீத்ஸ்கயா என்ற பெண் சென்றார். ஜூலை 25-ஆம் நாள் நிலையத்தை விட்டு வெளியே வந்து, மூன்றரை மணி நேரத்துக்கும் மேலாக வெட்டவெளியில் இருந்து, உலோகத்தைப் பற்றவைத்துக் காட்டினார். விண்கலத்துக்கு வெளியே வந்து வேலை செய்த முதல் பெண் அவரே. அந்தச் செய்தியைக் கேட்ட தாத்தா, பிறக்கப் போகும் தம் குழந்தை பெண்ணானால் அந்தப் பெயரைத்தான் வைப்பது என்று தீர்மானித்துவிட்டார்.

அடுத்த மாதம் அத்தை பிறந்தார். ஆனால் கொள்ளுப்பாட்டி சம்மதிக்கவில்லை. "இத்தனை கோயில் இருக்கிற ஊர்ல, வாயில நுழையாத பேரா?" என்று மறுத்து, அம்மன் பெயரைச் சூட்டிவிட்டார். தாத்தா பெற்ற தாயை எதிர்த்துப் பேசவில்லை. கால் நூற்றாண்டு கழித்து நான் பிறந்தபோது, "இந்தத் தடவை நான்தான் பேர் வைப்பேன்" என்று மட்டும் சொன்னாராம்.

"ஏன் தாத்தா அந்தப் பேர்?" என்று கேட்டேன்.

"குழித்தறியில காலைத் தொங்கப் போட்டுக்கிட்டு உட்கார்ந்திருக்கிறவன் நான். ஒரு பொம்பளைப் பிள்ளை வானத்துக்கு வெளியே வந்து நின்னு வேலை செஞ்சான்னு கேட்டப்போ, என் வீட்டுலயும் அப்படி ஒருத்தி வரணும்னு தோணுச்சு, அவ்வளவுதான்" என்றார்.

பொருள் என்ன என்று தாத்தாவுக்குத் தெரியவில்லை. அதை நான் நூலகத்திலும் கணினியிலும் தேடினேன். ரஷ்யம், உக்ரேனியம், போலிஷ், செக், பல்கேரியம், செர்பியம் முதலியவை ஸ்லாவிய மொழிகள். நம் தமிழும் தெலுங்கும் மலையாளமும் கன்னடமும் உறவாக இருப்பதுபோல அவையும் ஒரே குடும்பம். ரஷ்ய மொழியில் 'ஸ்வெத்' என்றால் வெளிச்சம். அதே சொல்லுக்கு உலகம் என்ற பொருளும் உண்டு. அதிலிருந்து வந்ததே ஸ்வெத்லானா, அதாவது ஒளி உடையவள்.

இங்கே ஒரு வேடிக்கையைக் கண்டேன். வடமொழியில் 'ஸ்வேத' என்றால் வெண்மை. அதுவும் ரஷ்ய மொழியின் 'ஸ்வெத்'தும் ஒரே பழைய வேரில் கிளைத்தவை. ஆங்கிலத்தில் வெள்ளையைக் குறிக்கும் 'ஒயிட்' என்ற சொல்லும் அந்த வேரைச் சேர்ந்ததுதான். வடமொழிக்கும் கிரேக்கத்துக்கும் லத்தீனுக்கும் உள்ள உறவை 1786-இல் கல்கத்தாவில் ஆற்றிய உரையில் எடுத்துச் சொன்னவர் சர் வில்லியம் ஜோன்ஸ். ஆகவே தெருவார் என்னைச் 'சுவேதா' என்று கூப்பிடும்போது, தெரியாமலேயே என் பெயரின் உடன்பிறந்தாளைக் கூப்பிடுகிறார்கள்! தமிழ் வேறு குடும்பத்து மொழி. ஆனாலும் விடிவதைப் 'பொழுது வெளுத்தது' என்றுதானே நாமும் சொல்கிறோம்? வெண்மையும் வெளிச்சமும் நமக்கும் பக்கத்துப் பக்கத்து வீடுதான். நம் ஊரிலேயே, வேதாந்த தேசிகர் பிறந்த தூப்புலில், பெருமாளுக்கு விளக்கொளிப் பெருமாள் என்று பெயர். வெளிச்சத்தைப் பெயராக வைப்பது காஞ்சிபுரத்துக்குப் புதிதல்ல.

இன்னொரு வியப்பு, இப்பெயர் அத்தனை பழையது அன்று என்பது. ரஷ்யக் கவிஞர்களே இதை உருவாக்கினார்கள். வஸ்தோக்கவ் என்பவர் 1802-இல் ஒரு கவிதையில் இப்பெயரைக் கையாண்டார். 1813-இல் ஜுக்கோவ்ஸ்கி வெளியிட்ட 'ஸ்வெத்லானா' என்ற கதைப்பாடல் அதைப் புகழ்பெறச் செய்தது. இயேசுவின் திருமுழுக்குத் திருநாளுக்கு முந்திய இரவில், தொலைவில் இருக்கும் மணமகனைப் பற்றி அறிய ஒரு பெண் மெழுகுவர்த்தி ஏற்றிக் கண்ணாடி முன் அமர்கிறாள். பயங்கரமான கனவு காண்கிறாள். விழித்துப் பார்த்தால், மணமகன் நலமாக வந்து நிற்கிறான். அந்தப் பெண்ணே ஸ்வெத்லானா.

கதைப் பெயரானதால் அக்காலத்தில் புனிதர்களின் பட்டியலில் அது இருக்கவில்லை. எனவே குருக்கள் அந்தப் பெயரில் ஞானஸ்நானம் கொடுக்கத் தயங்கினார்கள். அதற்குப் பதிலாக, அதே பொருள் உள்ள 'ஃபோத்தினா' என்ற கிரேக்கப் பெயரைச் சூட்டினார்கள். இதை நான் சொன்னதும், எங்கள் நூலகத்தைக் கவனிக்கும் அருட்சகோதரி புன்னகையோடு பைபிளை எடுத்து யோவான் நற்செய்தியின் 4-ஆம் அதிகாரத்தைத் திறந்து காட்டினார்கள். யாக்கோபின் கிணற்றடியில் இயேசு தண்ணீர் கேட்ட சமாரியப் பெண்ணுக்கு அங்கே பெயரே இல்லை. பிற்காலத்தில் கீழைத் திருச்சபையார் அவளுக்குக் கொடுத்த பெயர்தான் ஃபோத்தினா, ஒளி உடையவள். நண்பகல் வெயிலில் தனியாகக் குடம் சுமந்து வந்தவளுக்கு வெளிச்சம் என்று பெயர் வைத்தவர்கள் நல்லவர்கள் என்று எனக்குத் தோன்றியது.

இப்பெயரைத் தாங்கிய பெண்களையும் தேடிப் பார்த்தேன். நம் தமிழ்நாட்டில் சோவியத் தலைவர்களின் பெயர்கள் புதியவை அல்ல. 1953 மார்ச் 1-இல் பிறந்த தம் மகனுக்கு, அதே மாதம் 5-ஆம் நாள் மறைந்த சோவியத் தலைவரின் நினைவாகக் கலைஞர் மு. கருணாநிதி ஸ்டாலின் என்று பெயரிட்டார். அந்தச் சோவியத் தலைவரின் மகள் பெயரும் ஸ்வெத்லானா. அவர் தந்தையின் பெயரை விட்டு, அல்லிலூயெவா என்ற தாயின் குடும்பப் பெயரை வைத்துக்கொண்டார். அது 'அல்லேலூயா' என்பதிலிருந்து வந்த பெயராம்! தம் வாழ்க்கைத் துணையாகக் கருதிய பிரஜேஷ் சிங் மாஸ்கோவில் இறந்தபோது, அவருடைய அஸ்தியைச் சுமந்துகொண்டு 1966 டிசம்பரில் நம் நாட்டுக்கு வந்தார். உத்தரப் பிரதேசத்தில் கங்கைக் கரையில் உள்ள காலாகாங்கரில் தங்கினார். 1967 மார்ச்சில் தில்லியிலிருந்த அமெரிக்கத் தூதரகத்தில் அடைக்கலம் கேட்டார். பிறகு அமெரிக்காவில் லானா பீட்டர்ஸ் என்ற பெயரில் வாழ்ந்து 2011-இல் மறைந்தார். எத்தனையோ பெயர்களைக் கழற்றி வைத்தவர், தம் சொந்தப் பெயரின் ஒரு துண்டை மட்டும் விடவில்லை.

2015-இல் இலக்கியத்துக்கான நோபல் பரிசு பெற்ற ஸ்வெத்லானா அலெக்சியேவிச்சும் இருக்கிறார். போரில் பங்கேற்ற பெண்களிடமும், 1986-இல் நடந்த செர்னோபில் அணு உலை விபத்தில் அல்லல்பட்டவர்களிடமும் சென்று, அவர்கள் பேசியதைக் கேட்டு எழுதியவர். யாரும் கேட்காத குரல்களை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தவர் அவர்.

ரஷ்யர்களும் நம்மைப்போலவே தந்தையின் பெயரைச் சேர்த்துக்கொள்கிறார்கள். நாம் ஓர் எழுத்தை முன்னால் வைக்கிறோம். அவர்கள் முழுப் பெயரைப் பின்னால் வைக்கிறார்கள். விண்வெளிக்குச் சென்றவர் ஸ்வெத்லானா யெவ்கேனியெவ்னா, அதாவது யெவ்கேனியின் மகள். நான் 'ச.' ஸ்வெத்லானா. இவ்வளவுதான் வேறுபாடு.

இவற்றையெல்லாம் ஒரு நாள் இரவுச் சாப்பாட்டுக்குப் பின் வீட்டில் படித்துக் காட்டினேன். பெரியப்பா பொறுமையாகக் கேட்டுவிட்டு, "எல்லாம் சரிம்மா. ஆனா நம்ம ஊருக்குப் பொருந்தலையே" என்றார்.

தாத்தா சுவரில் சாய்ந்தபடியே கேட்டார். "ஏன்டா, நாம நெய்யிற பட்டு எங்கேருந்து வருது?"

"கர்நாடகாவுலேருந்து."

"சரிகை?"

"சூரத்துலேருந்து."

"அப்புறம் ஏன்டா உலகமே இதைக் காஞ்சிபுரம் பட்டுன்னு சொல்லுது? நூல் எந்த ஊருன்னு யாரும் கேட்கிறதில்ல. நெய்யிற கையைத்தான் பார்ப்பாங்க."

பெரியப்பா சிரித்துவிட்டார். அத்தை என் பக்கம் திரும்பி, "எனக்கு வர வேண்டிய பேர் அது. நான் வச்சுக்க முடியல. நீயாவது வச்சுக்கோடி" என்று மெதுவாகச் சொன்னார். அத்தையின் மனத்தில் அப்படி ஓர் ஆசை இருந்தது அன்றுவரை எங்களுக்குத் தெரியாது.

எனக்கு வேறு சான்றும் கிடைத்தது. லூர்து என்பது பிரான்சு நாட்டில் உள்ள ஓர் ஊர். 1858-இல் மாதா அங்கே காட்சி தந்த பிறகு அவ்வூரின் பெயர் நம் நாட்டுக்கு வந்தது. பாத்திமா போர்ச்சுகல் நாட்டு ஊர்; அங்கே மாதா காட்சி தந்தது 1917-இல். சவேரியார் என்று நாம் அன்போடு அழைக்கும் புனிதரின் பெயர், ஸ்பெயினின் வடக்கே அவர் பிறந்த கோட்டையின் பெயர். பாஸ்க் மொழியில் 'புது வீடு' என்ற பொருளில் வந்ததாம். இன்று லூர்து என்ற பெயரைக் கேட்டு யாராவது கண்ணாடியைச் சரிசெய்துகொள்கிறார்களா? வாயில் நுழையாத பெயர் என்று ஒன்று இல்லை. அன்போடு பலமுறை கூப்பிட்டால் எந்தப் பெயரும் நம் வாய்க்குப் பழகிவிடும்.

படிவம் என் கைக்கு வந்தபோது, தமிழிலும் ஆங்கிலத்திலும் ஓர் எழுத்தும் குறையாமல் முழுப் பெயரை எழுதினேன். அப்பா கையொப்பமிட்டார். தாத்தா அதை வாங்கிக் கண்ணுக்கு அருகே பிடித்துப் பார்த்தார். எழுத்து தெரியவில்லை. "படிச்சுக் காட்டும்மா" என்றார். படித்தேன். "சரியா இருக்கு" என்று மட்டும் சொல்லித் திருப்பிக் கொடுத்தார்.

இனியும் வங்கியிலும் அலுவலகங்களிலும் நான் என் பெயரை எழுத்தெழுத்தாகச் சொல்ல வேண்டித்தான் இருக்கும். சொல்லிவிட்டுப் போகிறேன். வெளிச்சம் என்று பொருள் சொல்ல ஒரு வாய்ப்புக் கிடைக்கிறது அல்லவா?

அருமைத் தோழியரே, உங்கள் பெயர் அம்மன் பெயராக இருக்கலாம், புனிதையின் பெயராக இருக்கலாம், பாட்டியின் பெயராகவும் இருக்கலாம். அதை உங்களுக்கு யார் வைத்தார்கள், ஏன் வைத்தார்கள் என்று இன்று மாலை வீட்டுக்குப் போனதும் கேளுங்கள். பெயர் சான்றிதழில் என்றும் இருக்கும். அதன் கதை பெரியவர்களிடம்தான் இருக்கிறது. அவர்கள் இருக்கும்போதே கேட்டு வைத்துக்கொள்வோம்.