பேவியூ வீதியில் சிவந்த வானம்

றிச்மண்ட் ஹில் பிள்ளையார் கோவிலுக்கு ஒரு தடவையாவது போகாத தமிழ்க் குடும்பம் ரொறன்ரோவில் இருக்காது. ஸ்காபரோவில் இருந்து பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு, அர்ச்சனைச் சாமானையும் மறக்காமல், பேவியூ வீதியில் கோபுரம் தெரிகிறதா என்று பார்த்துக்கொண்டே வருவோம். கும்பிடுவோம், சாப்பிடுவோம், தெரிந்தவர்களிடம் சுகம் விசாரிப்போம், திரும்பிவிடுவோம். அந்த ஊரின் வானத்தை யார் பார்த்தோம்? நானும் பார்த்ததில்லை, 2024 ஒக்ரோபர் 10ஆம் திகதி வரை.

அன்று வியாழக்கிழமை, நவராத்திரியின் எட்டாம் நாள். பூசை முடிந்து அம்மாவைக் கைபிடித்துக் கார் நிறுத்திய இடத்துக்குக் கூட்டி வந்தேன். மகள் முன்னால் போனவள், திடீரென்று நின்று, "அப்பா, மேலே பாருங்கோ" என்றாள்.

வடக்குப் பக்கம் வானம் சிவந்திருந்தது. முதலில் எங்கேயோ பெரிய தீ என்றுதான் நினைத்தேன். ஆனால் அந்தச் சிவப்புக்குள் வெளிறிய கோடுகள் நிமிர்ந்து நின்றன. அவை மெல்ல நகர்ந்தன. அடியில் இலேசான பச்சை. சத்தம் இல்லை, புகை இல்லை.

அம்மாவின் கை இறுகியது. "தம்பி, கார் லைற்றை நூர். பரா லைற் விடுறாங்கள்."

இதை வாசிக்கும் பலருக்கு பரா லைற் என்றால் என்னவென்று விளக்கத் தேவையில்லை. இங்கே பிறந்த பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன். இராணுவ முகாமில் இருந்து மேலே சுடுவார்கள். சின்னப் பரசூட்டில் தொங்கிக்கொண்டு ஒரு வெளிச்சம் ஆடி ஆடி இறங்கும். முற்றத்தில் விழுந்த ஊசியைக்கூட எடுக்கலாம், அவ்வளவு வெளிச்சம். அதற்குப் பின்னால் ஷெல் வரும், அல்லது வராது. ஊரே வெளித்திருக்க, நாங்கள் குப்பி விளக்கை ஊதி அணைப்போம். அதில் என்ன பயன் என்று அப்போது யாரும் கேட்கவில்லை.

"அப்பம்மா, இது நோர்தேர்ண் லைற்ஸ்" என்றாள் மகள். அம்மாவுக்கு அது விளங்கவில்லை.

துருவ ஒளி என்று தமிழில் சொல்லலாம். அதற்கு இரண்டு நாளுக்கு முன் சூரியனில் ஒரு பெரிய வெடிப்பு. அங்கிருந்து வீசப்பட்ட மின்னேற்றமுள்ள துகள்கள் பதினைந்து கோடி கிலோமீற்றரை ஏறக்குறைய ஒன்றரை நாளில் கடந்து பூமிக்கு வந்தன. பூமியின் காந்தப்புலம் அதில் குழம்ப, இலத்திரன்கள் துருவங்களைச் சுற்றிய வானத்தில் இறங்கிக் காற்றோடு மோதுகின்றன. நூறு கிலோமீற்றருக்குச் சற்று மேலே ஒட்சிசன் பச்சையாக ஒளிரும். இருநூறுக்கு மேலே அதே ஒட்சிசன் சிவப்பு. நைதரசன் கலந்தால் ஊதா. புயல் பலமாக இருந்தால்தான் அது எங்கள் பக்கம் வரை இறங்கும். அந்த வருடம் மே 10ஆம் திகதி வந்தது அதைவிடப் பெரியது. லடாக்கில்கூட வானம் சிவந்தது. யாழ்ப்பாணத்தில் இதற்கு வாய்ப்பில்லை. பூமியின் காந்த மத்தியகோடு எங்கள் ஊருக்குப் பக்கத்தால் போகிறது.

இன்னொரு பழைய கதையும் நினைவுக்கு வந்தது. நான் 1988இல் மொன்றியலுக்கு வந்தேன். அடுத்த மார்ச் 13ஆம் திகதி விடியப்புறம் மூன்று மணிக்குச் சற்று முன் கியூபெக் முழுக்க இருண்டது. அறுபது இலட்சம் பேருக்கு ஒன்பது மணித்தியாலம் மின்சாரம் இல்லை. ஒரு அறையில் ஆறு பேராக இருந்த நாங்கள், "இஞ்சையும் கரண்ட் போகுமோ" என்று சிரித்தோம். அதுவும் சூரியன் செய்த வேலைதான் என்று பிறகு வாசித்து அறிந்தேன்.

அதே பேவியூவில் கோவிலுக்குத் தெற்கே சில கிலோமீற்றர் போனால் மரங்களுக்குள் ஒரு வெள்ளைக் கும்மட்டம் இருக்கிறது. டன்லப் வான் ஆய்வுநிலையம். கணவரின் நினைவாக ஜெஸி டன்லப் என்ற பெண்மணி கொடுத்த பணத்தில் கட்டப்பட்டு 1935இல் திறக்கப்பட்டது. அதன் கண்ணாடி 74 அங்குலம். அப்போது உலகிலேயே இரண்டாவது பெரிய தொலைநோக்கி. 1971இல் அங்கே இருந்துதான் தொம் போல்ரன், சிக்னஸ் எக்ஸ்-1 ஒரு கருந்துளையாக இருக்கவேண்டும் என்று கண்டுகொண்டார். நகரம் வளர வளர வீதி விளக்குகள் வானத்தைக் கெடுத்தன. வெளிச்சத்தைக் கட்டுப்படுத்த 1995இல் றிச்மண்ட் ஹில் சட்டமே போட்டது. 2008இல் பல்கலைக்கழகம் அந்த இடத்தை விற்றுவிட்டது. கோவிலுக்கு வருகிறவர்கள் ஒருநாள் அங்கேயும் எட்டிப் பார்க்கலாம்.

அன்றிரவு கோவில் விளக்கு வெளிச்சத்தில் நிறங்கள் மங்கலாகவே தெரிந்தன. மகளின் தொலைபேசிப் படத்தில்தான் நல்ல சிவப்பு. கண்ணைவிடப் படக்கருவி கூடுதலாக ஒளியைச் சேர்க்கும், படங்களைப் பார்த்து ஏமாறவேண்டாம். வடக்கே வில்கொக்ஸ் ஏரிப் பக்கம் போய் இருட்டான ஒரு ஓரத்தில் நிறுத்தினோம். நான் கார் விளக்கை அணைத்தேன். அம்மா அதற்குப் பிறகுதான் மூச்சு விட்டா.

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தா. பிறகு, தெல்லிப்பழையை விட்டு வெளிக்கிட்ட வருசம், என்று தொடங்கினா.

"ஒரு இரவு லைற் எரிஞ்சு முடியுமட்டும் தங்கச்சியின்ர வாயைப் பொத்திக்கொண்டு வாழைக்குள்ள கிடந்தனான். அவளுக்கு இருமல். மூச்சு முட்டிப் போயிடுமோ எண்டு கையை எடுக்கவும் பயம், எடுக்காமல் விடவும் பயம்."

எனக்கு இது தெரியாது. 1990இல் நான் மொன்றியலில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன். அம்மா இங்கே வந்த பிறகு எத்தனை வருடம் ஒரே வீட்டில் இருக்கிறோம். தங்கச்சியும் ஒருநாளும் சொன்னதில்லை. அவளுக்கு நினைவிருக்குமோ என்னவோ.

மகள் தன் சால்வையை எடுத்து அப்பம்மாவுக்குப் போர்த்தினாள். வானத்தில் சிவப்பு தலைக்கு மேலே வரை ஏறியிருந்தது. அம்மா கதவைத் திறக்கச் சொல்லி இறங்கி, காரைப் பிடித்துக்கொண்டு அண்ணாந்தா.

"இது கீழ விழாதோ?"

"விழாது அம்மா."

"எவ்வளவு நேரம் நிக்கும்?"

"சொல்லேலாது. பத்து நிமிசத்திலையும் போகும், விடியும் வரையும் நிக்கும்."

"அப்ப கொஞ்சம் நிப்பம்" என்றா.