குடைக்கு ஒரு வரன்!

ஷாங்காய் நகரத்துக்குப் போனால், சகோதரிகளே, சனி அல்லது ஞாயிறு பிற்பகலில் மக்கள் பூங்காவுக்குள் ஒரு நடை போய்விட்டு வாருங்கள். வானத்தில் மேகமே இராது. ஆனாலும் பாதையோரம் நெடுகக் குடைகள்! விரித்த குடையைத் தரையில் சாய்த்து, அதில் ஒரு காகிதத்தைக் குத்தி வைத்திருப்பார்கள். பக்கத்தில் முக்காலியில் ஓர் அம்மாளோ, தலை நரைத்த பெரியவரோ உட்கார்ந்திருப்பார். குடை என்ன விலை என்று கேட்டுவிடாதீர்கள். அது கல்யாணச் சந்தை!

காகிதத்தைப் படியுங்கள். பிறந்த வருஷம், உயரம், படிப்பு, சம்பளம், சொந்த வீடு உண்டா, ஷாங்காயில் குடியிருப்புப் பதிவு உண்டா... ஆட்டு வருஷத்தில் பிறந்த பெண் என்றால் சிலர் மெல்ல நகர்ந்துவிடுவார்கள். அவள் ராசியில்லாதவள் என்று ஒரு பழைய நம்பிக்கை. (எந்த ஊரானால் என்ன, பழி பெண்ணின் தலையில்தான்!) புகைப்படம் அபூர்வம். கல்யாணம் ஆகவேண்டியவர்களும் அங்கே இருக்கமாட்டார்கள். தம் பொருட்டு ஒரு குடை விரிந்திருப்பதே பல பேருக்குத் தெரியாது!

2005-ஐ ஒட்டிக் கூடத் தொடங்கிய சந்தை இது. பெற்றவர்களின் தவிப்புக்குக் காரணம் உண்டு. 1980 வாக்கில் வந்த 'ஒரே குழந்தை' விதி 2016-இல்தான் நீங்கியது. இருப்பது ஒன்று; அதுவும் தனிமரமாக நின்றுவிட்டால்? நாட்டில் ஆண்களே அதிகம். இங்கேயோ பெண்களின் காகிதங்களே அதிகம். படித்து, உத்தியோகம் பார்த்து, 27 வயதைத் தாண்டிய பெண்ணுக்கு 'மிஞ்சிப்போனவள்' என்று ஒரு பட்டமும் சூட்டியிருக்கிறார்கள்.

பூங்காவை விட்டு நான்ஜிங் சாலையோடு கிழக்கே நடந்தால் ஹுவாங்பு ஆற்றங்கரை வரும். 1970-களிலும் 80-களிலும் அங்கே ஒரு வெள்ளத் தடுப்புச் சுவர் இருந்தது. வீட்டிலோ ஒரே அறையில் மொத்தக் குடும்பமும். பேச இடம் ஏது? மாலையானால் இளம் ஜோடிகள் அந்தச் சுவரோரம் ஆற்றைப் பார்த்து வரிசையாக நிற்பார்கள். அடுத்த ஜோடியின் முழங்கை இடிக்கும். ஆனாலும் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை! 'காதலர் சுவர்' என்றே அதற்குப் பெயர். கல்யாணத்துக்கு இருவர் சம்மதமும் வேண்டும், மூன்றாமவர் கட்டாயப்படுத்தக்கூடாது என்று 1950-ஆம் வருஷத்துச் சட்டமே சொல்லியிருந்தது.

அங்கே நின்றவர்களுக்கு இப்போது அறுபது, எழுபது வயது. சாயங்காலம் காகிதத்தைக் கழற்றிப் பத்திரப்படுத்திக்கொண்டு குடையை மடக்கும் அந்த அம்மாளிடம், "நீங்கள் உங்கள் வீட்டுக்காரரை எங்கே சந்தித்தீர்கள்?" என்று கேட்க உங்களுக்கு நாக்குத் துடிக்கும்.